செய்கை சரி, கணக்குப் பிழை: பின்ன வசனக் கணக்கு விடைத்தாள் ஒன்றின் ஆய்வு

தாளின் முன்பக்கத்தில் ஐந்து கணக்குகள்: 2/3 × 3/4, 6 ÷ 3/4, 5 ÷ 3/4, 3/4 ÷ 3/5, 1¾ ÷ ½. ஐந்தும் சரி. கலப்பெண்ணை முறைமையில்லாப் பின்னமாக மாற்றி, வகுக்கும் பின்னத்தைப் புரட்டி நிகர்மாறு எடுத்து, வெட்டிச் சுருக்கி, ஒவ்வொன்றும் ஒழுங்காக முடிந்திருக்கிறது. பின்பக்கத்தில் வசனக் கணக்குகள். அங்கும் பெரும்பாலும் இதே எண்கள்தான் வருகின்றன. ஆனால் ஒன்றுகூட முழுதாகச் சரியில்லை.

இது ஒரே பிள்ளை எழுதிய தாள் அல்ல. கொழும்பில் தமிழ்மொழி மூல வகுப்புகளிலும் ரியூஷன் வகுப்புகளிலும் ஆசிரியர்கள் திரும்பத் திரும்பத் திருத்தும் பிழைகளை ஒரே இடத்தில் வைத்துப் பார்ப்பதற்காகக் கட்டிய மாதிரித் தாள். எழுதியவரை ‘மாணவி’ என்றே குறிப்பிடுகிறோம். ஆரம்பப் பிரிவில் பட்டை வரைந்து பின்னம் படித்து, இடைநிலைப் பிரிவுக்கு வந்து நிகர்மாறு விதியையும் பழகிவிட்ட பிள்ளை என்று வைத்துக்கொள்ளலாம்.

இப்படியொரு தாளைக் கண்டதும் பெற்றோர் சொல்வது “பிள்ளைக்குத் தமிழ் வாசிப்புப் போதாது” அல்லது “இன்னும் நிறையக் கணக்குச் செய்ய வேண்டும்.” இரண்டும் இந்தத் தாளுக்குப் பொருந்தாது. வசனங்கள் எளியவை, செய்கையும் கைவந்திருக்கிறது. நடுவில் ஒரு கேள்வி விடுபட்டுப் போயிருக்கிறது: இந்தப் பின்னம் எதனுடைய பங்கு? ஏழு விடைகளையும் அந்தக் கேள்வியை வைத்தே பார்க்கிறோம்.

பாண்

“ஒரு இறாத்தல் பாணில் 3/4 பங்கு மிச்சம் இருந்தது. இரவுச் சாப்பாட்டுக்கு அதில் 2/3 பங்கு முடிந்தது. முழுப் பாணில் எத்தனை பங்கு இரவில் முடிந்தது?”

மாணவியின் விடை: 3/4 − 2/3 = 9/12 − 8/12 = 1/12.

‘மிச்சம்’, ‘முடிந்தது’ என்ற இரண்டு சொற்களையும் கண்டு கழித்திருக்கிறார். கழித்தல் பிழையில்லாமல் நடந்திருக்கிறது. ஆனால் 3/4 என்பது முழுப் பாணின் பங்கு, 2/3 என்பது மிச்சத்தின் பங்கு. முழுக்கள் வேறு வேறாக இருக்கும்போது ஒன்றிலிருந்து மற்றதைக் கழிக்க முடியாது.

சதுரக்கோட்டுக் கொப்பியில் 12 சென்ரிமீற்றர் நீளத்துக்கு ஒரு பட்டை வரையச் சொல்லுங்கள். அதுதான் பாண். 3 சென்ரிமீற்றருக்கு ஒரு கோடு போட்டால் நான்கு கால்கள். மூன்று காலை நிழற்றினால் மிச்சம் தெரியும். அந்த மிச்சம் ஏற்கெனவே மூன்று துண்டாகத்தான் கிடக்கிறது, ஆகவே அதில் 2/3 என்பது இரண்டு துண்டு. முழுப் பாணோடு ஒப்பிட்டால் 2/4, அதாவது பாதி. நிறையை வைத்தும் சரிபார்க்கலாம். ஒரு இறாத்தல் பாணின் நியம நிறை 450 கிராம். மிச்சம் 337.5 கிராம், அதில் 2/3 என்பது 225 கிராம், அரைப் பாண். மாணவி எழுதிய 1/12 வெறும் 37.5 கிராம். வீட்டு இரவுச் சாப்பாட்டுக்கு ஒரு துண்டுப் பாண்!

இந்தக் கணக்கில் துண்டுகள் தாமாகவே பொருந்திவிட்டன. அடுத்ததாகப் பொருந்தாத ஒன்றைக் கொடுக்க வேண்டும்: மிச்சம் 3/4, அதில் 2/5. மூன்று துண்டை ஐந்தாகப் பிரிக்க வழியில்லை, ஆகவே ஒவ்வொரு காலையும் ஐந்தாக வெட்ட வேண்டும். முழுப் பாணும் 20 துண்டாகிறது. நிழற்றிய ஒவ்வொரு காலிலிருந்தும் 2 துண்டு எடுத்தால் 6 துண்டு. விடை 6/20, அதாவது 3/10. பகுதியைப் பகுதியோடும் தொகுதியைத் தொகுதியோடும் ஏன் பெருக்குகிறோம் என்பது இந்தப் பட்டையிலேயே கிடக்கிறது. பிள்ளை இதை ஒருமுறை தன் கையால் வெட்டிப் பார்க்காமல் விதியைச் சொல்லிக் கொடுத்தால் விதி மட்டும்தான் மனதில் நிற்கும்.

கழித்தலே சரியாக வரும் இரட்டைக் கணக்கையும் பக்கத்திலேயே எழுதுங்கள்: “3/4 இறாத்தல் பாண் இருந்தது. 2/3 இறாத்தல் முடிந்தது. எவ்வளவு மீதி?” இங்கே இரண்டு பின்னமும் இறாத்தலின் பங்கு. விடை 1/12 இறாத்தல், மாணவி எழுதியதேதான். இரண்டு வசனத்துக்கும் இடையில் என்ன மாறியது என்று பிள்ளையே கண்டுபிடித்து அடிக்கோடிட வேண்டும்.

தலையணை உறை

“புறக்கோட்டையில் 6 மீற்றர் துணி வாங்கினார்கள். ஒரு தலையணை உறைக்கு 3/4 மீற்றர் தேவை. எத்தனை உறை தைக்கலாம்?”

மாணவி: 6 × 3/4 = 4½.

‘ஒன்றுக்கு இவ்வளவு’ என்று வாசித்ததும் பெருக்கியது ஒரு காரணம். இன்னொன்று இதைவிட ஆழமானது. பெருக்கினால் கூடும், வகுத்தால் குறையும் என்ற எண்ணம் முழு எண்களோடு பல ஆண்டு பழகியதால் ஊறிப்போனது. கணிதக் கல்வி ஆய்வாளர் எஃப்ராயிம் ஃபிஷ்பைனும் உடனாய்வாளர்களும் 1985 இல் வெளியிட்ட ஆய்வில், இந்த உள்ளுணர்வு செய்கையைத் தெரிவுசெய்வதையே திசைதிருப்புகிறது என்று காட்டினார்கள். பிள்ளைக்குப் பெருக்கல் விதியும் தெரியும், வகுத்தல் விதியும் தெரியும். எதை எடுப்பது என்ற இடத்தில்தான் பழைய எண்ணம் முந்திக்கொள்கிறது.

இதற்கு உடனடி மருந்து, பின்னத்தை எடுத்துவிட்டு அந்த இடத்தில் ஒரு சிறிய முழு எண்ணை வைத்து வாசிப்பது. “6 மீற்றர் துணி, ஒரு உறைக்கு 2 மீற்றர், எத்தனை உறை?” மூன்று என்று பிள்ளை உடனே சொல்லும். என்ன செய்தாய் என்று கேட்டால் வகுத்தேன் என்று சொல்லும். 2 இருந்த இடத்தில் 3/4 வந்தாலும் செய்கை மாறாது. பிறகு விடையை மதிப்பிட வேண்டும்: ஒரு உறைக்கு ஒரு மீற்றருக்கும் குறைவாகவே துணி போகிறது, அப்படியானால் உறைகள் 6 ஐ விடக் கூடவா குறையவா? கூட. 4½ அங்கேயே விழுந்துவிடும்.

கணிக்கும்போது நிகர்மாறுக்கு ஓட வேண்டாம். எல்லாவற்றையும் கால் மீற்றரில் எண்ணலாம். 6 மீற்றர் என்பது 24 கால் மீற்றர், ஒரு உறைக்கு 3 கால் மீற்றர், 24 ÷ 3 = 8. பொதுப் பகுதி எடுத்து வகுக்கும் இந்த வழி எந்தப் பின்னத்துக்கும் செல்லும். பகுதிகள் சமமானதும் தொகுதிகளை மட்டும் வகுத்தால் போதும். கூட்டல், கழித்தலுக்குப் படித்த சமவலுப் பின்னம் இங்கேயும் வேலை செய்வதால் பிள்ளைக்குப் புதிதாக எதையும் நம்ப வேண்டியதில்லை. நிகர்மாறு விதிக்கு முன்பு இதைத்தான் படிப்பிக்க வேண்டும் என்பது எங்கள் உறுதியான கருத்து.

எண்ணெய்ப் போத்தல்

“5 லீற்றர் தேங்காய் எண்ணெயை 3/4 லீற்றர் கொள்ளும் போத்தல்களில் நிரப்ப வேண்டும். எத்தனை போத்தல் முழுதாக நிரம்பும்? எவ்வளவு எண்ணெய் மிஞ்சும்?”

மாணவி: 5 ÷ 3/4 = 20/3 = 6 2/3. ஆகவே 6 போத்தல் நிரம்பும், 2/3 லீற்றர் மிஞ்சும்.

இந்தத் தாளில் மிகவும் கவனிக்க வேண்டிய விடை இதுதான். செய்கைத் தெரிவு சரி, கணித்ததும் சரி, 6 போத்தலும் சரி. அவசரமாகத் திருத்துபவர் முழுப் புள்ளியும் போட்டுவிடக்கூடும். ஆனால் மிச்சம் 2/3 லீற்றர் அல்ல. 6 போத்தலுக்குள் போனது 6 × 3/4 = 4½ லீற்றர். 5 இலிருந்து 4½ போனால் அரை லீற்றர்தான் மிஞ்சும்.

அப்படியானால் 2/3 எங்கிருந்து வந்தது? அதுவும் பிழையான எண் அல்ல. 5 ÷ 3/4 என்ற வகுத்தல் ‘5 லீற்றரில் எத்தனை போத்தல்’ என்று கேட்கிறது, ஆகவே விடை முழுவதும் போத்தலில் வருகிறது: 6 போத்தலும் ஒரு போத்தலின் 2/3 உம். போத்தலின் 2/3 என்பது 2/3 × 3/4 = 1/2 லீற்றர். வகுத்தலுக்குள் ‘ஒன்று’ என்பது லீற்றரிலிருந்து போத்தலுக்கு மாறிவிட்டதை மாணவி கவனிக்கவில்லை.

திருத்தும்போது கேட்க வேண்டியது இவ்வளவுதான்:

“பிள்ளை, இந்த 2/3 என்னத்திலை 2/3?”

“லீற்றரிலை, ரீச்சர்.”

“6 என்னத்தை எண்ணினது?”

“போத்தலை.”

“அப்ப 6 உம் 2/3 உம் சேர்ந்துதானே ஒரு விடையா வந்தது?”

இங்கே நிறுத்திவிட்டுக் காத்திருக்க வேண்டும். மிச்சம் அரை லீற்றர் என்று ஆசிரியர் வாய்திறந்து சொல்லிவிட்டால் பிள்ளை அதை எழுதிக்கொள்ளும், அடுத்த மிச்சக் கணக்கில் திரும்பவும் விழும். பட்டையிலும் காட்டலாம். 5 லீற்றருக்கு 20 கால் லீற்றர்க் கட்டங்கள். மூன்று மூன்றாகச் சுற்றி வளைத்தால் 6 கூட்டம் போக இரண்டு கட்டம் மிஞ்சும். அந்த இரண்டு கட்டத்தையும் போத்தலோடு ஒப்பிட்டால் மூன்றில் இரண்டு, லீற்றரோடு ஒப்பிட்டால் நான்கில் இரண்டு. பார்ப்பது அதே இரண்டு கட்டம்தான்.

தண்ணீர்த் தாங்கி

“தொடர்மாடி ஒன்றின் மேல்தளத்தில் உள்ள தாங்கியின் 3/5 பங்கு நிரம்ப 3/4 மணித்தியாலம் எடுத்தது. அதே வேகத்தில் வெறுந் தாங்கி முழுதாக நிரம்ப எவ்வளவு நேரம்?”

மாணவி: 3/4 × 3/5 = 9/20 மணித்தியாலம்.

9/20 மணித்தியாலம் என்றால் 27 நிமிடம். 3/5 பங்குக்கே 45 நிமிடம் போயிருக்கும்போது முழுத் தாங்கி 27 நிமிடத்தில் நிரம்பாது. விடையை நிமிடமாக மாற்றிப் பார்க்கும் பழக்கம் இருந்திருந்தால் மாணவியே இதை வெட்டியிருப்பார்.

இது முந்திய வகுத்தல்களைப் போன்றதல்ல. துணியிலும் எண்ணெயிலும் ஒரு அளவால் இன்னொன்றை அளந்து எடுத்தோம். இங்கே ஒரு பங்கின் அளவு தெரியும், முழு ஒன்றின் அளவு வேண்டும். பிள்ளைகள் அதிகமாகத் தடுமாறுவது இந்த வகையில்தான், ஏனென்றால் ‘எத்தனை தடவை அடங்கும்’ என்று இதை வாசிக்க முடியாது. முழு எண்ணை வைத்து வாசிக்கும் உத்தி இங்கும் உதவும்: “2 தாங்கி நிரம்ப 4 மணித்தியாலம், ஒரு தாங்கிக்கு?” 4 ÷ 2. ஆகவே 3/4 ÷ 3/5.

தாங்கியை ஐந்து சம மட்டமாக வரையுங்கள். மூன்று மட்டத்துக்கு 45 நிமிடம், ஆகவே ஒரு மட்டத்துக்கு 15 நிமிடம், ஐந்து மட்டத்துக்கு 75 நிமிடம், அதாவது 1¼ மணித்தியாலம். செய்ததைத் திரும்பிப் பாருங்கள்: முதலில் 3 ஆல் வகுத்தோம், பிறகு 5 ஆல் பெருக்கினோம். இரண்டையும் சேர்த்து எழுதினால் 3/4 × 5/3. 3/5 ஆல் வகுப்பதற்கு ஏன் 5/3 ஆல் பெருக்குகிறோம் என்பதற்கு இதைவிடத் தெளிவான காரணம் காட்டுவது கடினம். நிகர்மாறு விதியை அறிமுகம் செய்ய இந்தக் கணக்கே பொருத்தமானது. ‘புரட்டிப் பெருக்கு’ என்று மட்டும் பழகிய பிள்ளைகளில் சிலர் முதல் பின்னத்தைப் புரட்டுகிறார்கள், சிலர் இரண்டையும் புரட்டுகிறார்கள். எதற்காகப் புரட்டுகிறோம் என்று தெரியாத இடத்தில் எதைப் புரட்டினாலும் ஒன்றாகத்தான் தெரியும்.

சீனி

“1¾ கிலோகிராம் சீனியை ½ கிலோகிராம் பைகளில் போட்டால் எத்தனை பை?” மாணவி 7/8 என்று எழுதியிருக்கிறார். முன்பக்கத்தில் இதே 1¾ ÷ ½ இற்கு 3½ என்று சரியாக எழுதியவர் இவர்தான்.

½ ஐக் கண்டதும் மனது பாதியாக்கிவிட்டது. பாதியாக வகுப்பது 2 ஆல் வகுப்பது, பாதியால் வகுப்பது எத்தனை பாதி இருக்கிறது என்று எண்ணுவது. இந்தக் குழப்பம் பிள்ளைகளுக்கு மட்டும் உரியதல்ல. கணிதக் கல்வி ஆய்வாளர் லிப்பிங் மா 1999 இல் வெளியிட்ட ஆய்வில் 23 அமெரிக்க ஆசிரியர்களிடமும் 72 சீன ஆசிரியர்களிடமும் இதே 1¾ ÷ ½ ஐக் கொடுத்துக் கணிக்கவும் அதற்கு ஒரு வசனக் கணக்கு அமைக்கவும் கேட்டார். அமெரிக்க ஆசிரியர்களில் பாதிக்கும் குறைவானவர்களே விடையைச் சரியாக முடித்தார்கள். பொருளில் பிழையில்லாத வசனக் கணக்கு அமைத்தவர் ஒருவர் மட்டுமே. மற்றவர்களில் பலர் இரண்டு பேருக்குப் பாதியாகப் பங்கிடும் கதையையே சொன்னார்கள். சீன ஆசிரியர்கள் அனைவரும் சரியாகக் கணித்தார்கள், பெரும்பாலானோர் பொருத்தமான கணக்கையும் அமைத்தார்கள். ஆசிரியர் மனதில் கதை தெளிவாக இருந்தால் வகுப்பிலும் அது தெளிவாக வரும்.

மிச்சம் இரண்டு கணக்கையும் சுருக்கமாகப் பார்க்கலாம். “2½ சுண்டு அரிசிக்கான அளவை 1½ மடங்காக்கினால் எத்தனை சுண்டு?” மாணவி 2 × 1 = 2, ½ × ½ = ¼ என்று தனித்தனியாகப் பெருக்கி 2¼ என்று எழுதியிருக்கிறார். ஒன்றரை மடங்கு ஆக்கிய பின் 2½ ஐ விடக் குறையாது. செவ்வகம் வரைந்தால் நான்கு அறை வரும்: 2, 1, ½, ¼. மொத்தம் 3¾. மாணவி நடுவிலுள்ள இரண்டு அறையை விட்டுவிட்டார்.

மற்றது காணி. “3/4 ஏக்கர் காணியை 7½ பேர்ச் துண்டுகளாகப் பிரித்தால் எத்தனை துண்டு?” 3/4 ÷ 7½ = 1/10 என்பது மாணவியின் விடை. ஏக்கரைப் பேர்ச்சாக மாற்றாமல் வகுத்திருக்கிறார். ஒரு ஏக்கர் 160 பேர்ச், 3/4 ஏக்கர் 120 பேர்ச், 120 ÷ 15/2 = 16 துண்டு. கொழும்பில் காணி விலை பேர்ச் கணக்கில்தான் பேசப்படுவதால் வீட்டில் இந்தச் சொல் பிள்ளையின் காதில் விழுந்தே இருக்கும். உண்மையில் காணி பிரிக்கும்போது பாதைக்கும் இடம் விட வேண்டும், ஆகவே கணக்கில் ‘பாதைக்கு இடம் விடாமல்’ என்று ஒரு சொல் சேர்ப்பது நேர்மையாக இருக்கும்.

திருத்தும் முறை

முதலில் விட வேண்டியது ஒன்று இருக்கிறது, அதுதான் சொற்பட்டியல். ‘அதில் என்றால் பெருக்கு, மீதி என்றால் கழி, ஒவ்வொன்றும் என்றால் வகு’ என்று சுவரில் ஒட்டும் பட்டியல் எளிய கணக்கில் புள்ளி வாங்கித் தரும், பாண் கணக்கில் கவிழ்த்துவிடும். தரம் 6 இலிருந்து கணிதத்தை ஆங்கிலமொழியில் படிக்கும் பிள்ளைகளுக்கு ‘ஒஃப் (of) வந்தால் பெருக்கு’ என்று சொல்லிக் கொடுப்பதும் இதே வகைதான்.

அந்த இடத்தில், எண்ணைத் தொடுவதற்கு முன் கொப்பியில் மூன்று சிறு வரிகள் எழுத வேண்டும். வசனத்தில் வரும் ஒவ்வொரு பின்னத்துக்கும் அது எதன் பங்கு என்று எழுதுவது முதல் வரி: “3/4: முழுப் பாணின். 2/3: மிச்சத்தின்.” விடை எந்த அலகில் வரும் என்பது இரண்டாவது: போத்தலா, லீற்றரா, நிமிடமா. விடை எதைவிடக் கூடும் அல்லது குறையும் என்பது மூன்றாவது: “45 நிமிடத்தைவிடக் கூட.” அதன் பிறகு பட்டை, அதன் பிறகே செய்கை. பிள்ளைகள் முதலில் முறுமுறுப்பார்கள், நேரம் போகிறது என்பார்கள். ஆகவே கணக்குகளின் எண்ணிக்கையைக் குறையுங்கள். இருபது கணக்குக்குப் பதில் ஐந்து போதும், மூன்று வரியும் இருந்தால்.

புள்ளியும் இதற்கு ஏற்றபடி பிரிய வேண்டும். ஒரு கணக்குக்கு 4 புள்ளி என்றால் பின்னம் எதனுடையது என்பதற்கு 1, செய்கைத் தெரிவுக்கு 1, கணித்ததற்கு 1, அலகோடு விடைக்கு 1. இப்படித் திருத்தினால் எண்ணெய்க் கணக்கில் மாணவி 2 அல்லது 3 பெறுவார், தாங்கிக் கணக்கில் 1 அல்லது 2. எங்கே தொடர்ந்து புள்ளி போகிறது என்பதைக் கொப்பியைப் புரட்டினாலே காணலாம். விடைக்கு மட்டும் புள்ளி போட்டால் இரண்டும் பூச்சியமாகி ஒரே பிழை போலத் தெரியும்.

மறுபரிசோதனைக்கு அதே கணக்கை எண் மாற்றிக் கொடுப்பது போதாது. எண்ணை அப்படியே வைத்து வசனத்தை மாற்றிய இரட்டைக் கணக்குகளைக் கலந்து கொடுக்க வேண்டும்: 3/4, 2/3 இரண்டையும் வைத்துப் பெருக்கல் ஒன்று, கழித்தல் ஒன்று, வகுத்தல் ஒன்று. இறுதியில் வசனமில்லாமல் 3/4 ÷ 3/5 ஐ மட்டும் கொடுத்து, அதற்குப் பொருந்தும் வசனக் கணக்கைப் பிள்ளையே எழுத வேண்டும். “3/4 கிலோகிராம் மாவை 3/5 பேருக்குப் பங்கிட்டால்” என்று சிலர் எழுதுவார்கள். பங்கிடும் கதைதான் மனதில் இருக்கிறது, ஆனால் ஆட்கள் பின்னமாக வரமாட்டார்கள். அந்தக் கதையைப் பிழை என்று வெட்ட வேண்டாம். பேர் இருந்த இடத்தில் அளக்கக்கூடிய ஒன்றை வைக்கச் சொன்னால் சரியாகிவிடும்: 3/5 மீற்றர் கம்பியின் நிறை 3/4 கிலோகிராம், அப்படியானால் 1 மீற்றர் கம்பியின் நிறை 1¼ கிலோகிராம்.